பெஞ்சில் இருக்கிறார் மாரி நேனி

ஹங்கேரியின் பெருஞ்சமவெளியில் எந்தச் சிற்றூருக்குப் போனாலும் நீங்கள் முதலில் பார்ப்பது தேவாலயக் கோபுரம். உங்களை முதலில் பார்ப்பது மாரி நேனி.

வேலிக்கு வெளியே, தெருவைப் பார்த்துப் போட்ட மரப்பெஞ்சு. தலையில் முக்காட்டுத் துணி, இடுப்பில் பூப்போட்ட ஏப்ரன். வயதான பெண்களை அங்கே 'நேனி' என்பார்கள். மாரி என்பது மரியாவின் செல்லச் சுருக்கம். நம் மாரியாத்தாளுக்கு உறவில்லை. ஆனாலும் ஊர்க்காவல் இருவருக்கும் பொது.

பதிவேட்டில் அவர் 'கோவாச் யானோஷ்னே'. கோவாச் குடும்பப் பெயர். அங்கே அதுதான் முன்னால் வரும். யானோஷ், காலமான கணவர். கடைசியில் ஒட்டிய 'னே'தான் மாரி நேனியின் பங்கு. இன்னாரின் மனைவி என்று பொருள். பெயரில் ஓரெழுத்து மட்டுமே கிடைத்தவர், ஊரில் மீதி அத்தனையையும் எடுத்துக்கொண்டார்.

பழைய வீடுகள் அங்கே குறுகிய பக்கத்தைத் தெருவுக்குக் காட்டி, நீளவாக்கில் உள்ளே ஓடும். தெருவைப் பார்க்க இரண்டே ஜன்னல். இரண்டு ஜன்னலை வைத்துக்கொண்டு ஒரு தெருவை எப்படி நிர்வகிப்பது? ஆகவே பெஞ்சு.

சைக்கிளில் போகும் பையன் 'சோகோலோம்' சொல்லியாக வேண்டும். 'முத்தமிடுகிறேன்' என்று அர்த்தம். சிறுவர்கள் பெரியவர்களுக்குச் சொல்லும் வணக்கம். மறந்தால், அவன் வீடு சேருமுன் புகார் சேர்ந்திருக்கும். குளிர்காலத்தில் யார் வீட்டில் பன்றி அறுத்தார்கள், விருந்தில் 'பாலின்கா' என்ற பழச்சாராயம் எத்தனை சுற்று வந்தது என்பதையெல்லாம் திரும்பி வருகிறவரின் நடையை வைத்தே சொல்லிவிடுவார். தபால்காரர் அவரிடம் செய்தி கொடுத்ததைவிட வாங்கிப் போனதே அதிகம்.

பகல் 12 மணிக்குத் தேவாலய மணி அடிக்கும். 1456-ல் ஹுன்யடி யானோஷ் இன்றைய பெல்கிரேடில் துருக்கியரை முறியடித்ததன் நினைவு என்பார்கள் ஹங்கேரியர்கள். மாரி நேனிக்கு அது சூப் நேரம். அரை மணி பெஞ்சு காலி. அந்த வெற்றிக்கு ஊர்க் காதலர்கள் இன்றும் கடன்பட்டிருக்கிறார்கள்.

ஒருநாள் மூன்று மணியாகியும் பெஞ்சு காலி. தெரு பதறியது. டாக்டருக்குச் சொல்வதா, பாதிரியாருக்குச் சொல்வதா என்று இரண்டு கட்சி. கடைசியில் எதிர்வீட்டுப் பெஞ்சில் கண்டுபிடித்தார்கள்.

"ஒண்ணுமில்லை. இங்கேருந்து பார்த்தா என் வீட்டுல என்னென்ன தெரியுதுன்னு பார்க்க வந்தேன்."

மறுநாள் மாரி நேனி வீட்டின் இரண்டு ஜன்னல்களிலும் புதுத் திரைச்சீலை.