அந்தக் கைகளுக்குக் காப்புப் போடுங்கள்

கோடு போடச் சொன்னால் ரோடே போட்டுவிடுவார்கள் என்று சிலரைப் பாராட்டுவோம். ஆப்பிரிக்காவுக்குக் கோடு போட்ட ஐரோப்பியக் கனவான்கள் அவர்களையும் மிஞ்சியவர்கள். இவர்கள் கோடு போட்டால் இருக்கிற ரோடும் அறுந்துபோகும். அப்படிப்பட்ட கைகளுக்கு இன்னும் யாரும் காப்புப் போடவில்லை என்பதுதான் என் மனக்குறை.

1884 நவம்பரில் பெர்லினில், ஜெர்மன் சான்சலர் பிஸ்மார்க்கின் மாளிகையில் 14 நாடுகளின் பிரதிநிதிகள் கூடினார்கள். சுவரில் ஆப்பிரிக்காவின் பெரிய வரைபடம் தொங்கியது. மேசையைச் சுற்றி ஆப்பிரிக்கர் ஒருவர்கூட இல்லை. இதைக் குற்றமாகச் சொல்கிறவர்கள் உண்டு. எனக்கு அப்படித் தோன்றவில்லை. நவம்பர் மாத பெர்லின் குளிர் லேசுப்பட்டதா? பாவம், அவ்வளவு தூரம் கப்பலில் வரவழைத்து, புரியாத பாஷை நடுவே உட்காரவைத்து, “உங்கள் நிலத்தைப் பற்றித்தான் பேசிக்கொண்டிருக்கிறோம்” என்று சொல்லிச் சங்கடப்படுத்துவது நாகரிகமா? அந்தச் சிரமத்தைக் கொடுக்காத நல்ல மனசு அது.

அங்கேயே கண்டத்தைத் துண்டு போட்டுவிட்டார்கள் என்பதும் அவதூறு. துண்டு போடும் வேலையை அடுத்துவந்த ஆண்டுகளில் இரண்டிரண்டு பேராக உட்கார்ந்து நிதானமாகச் செய்துகொண்டார்கள். பெர்லினில் அதற்கான ஒழுக்கத்தைத்தான் வகுத்தார்கள். கடற்கரையில் ஒருவர் புதிதாக இடம் பிடித்தால் மற்றவர்களுக்கு முறைப்படி தெரியப்படுத்த வேண்டும். நிலத்துக்காரனுக்கு அல்ல, மற்றவர்களுக்கு. பக்கத்தில் இருக்கிறவனிடம் எதையும் மறைக்காத இந்த வெளிப்படைத்தன்மை எல்லாத் தொழிலிலும் வந்துவிடாது.

அந்தச் சூட்டோடு பெல்ஜிய மன்னர் லியோபோல்டுக்குக் கொங்கோ தனிச் சொத்தாக வாய்த்தது. 1908 வரை அனுபவித்தார். அந்த மண்ணில் ஒருநாள்கூடக் கால் வைத்ததில்லை. தன் காலால் அதை அழுக்காக்கக் கூடாது என்று நினைத்திருப்பார். அவருடைய ஆட்கள்தான் கையில் குறியாக இருந்தார்கள். ரப்பர் கணக்குக் குறைந்த ஊர்களில் வெட்டிய கைகளைக் கூடையில் கொண்டுவந்து எண்ணிக் காட்டினார்கள். தோட்டாவுக்குக் கணக்கு வைக்க வேண்டுமாம். கணக்கில் அவ்வளவு சுத்தம்.

தூரதிருஷ்டி என்றால் கப்ரிவி பட்டை. 1890 ஜூலை 1-ஆம் தேதி பிரிட்டனும் ஜெர்மனியும் ஒரு பண்டமாற்று செய்துகொண்டன. சான்சிபார் மேல் கண் வைப்பதை ஜெர்மனி விட்டது. வடகடலில் ஹெலிகோலாந்து தீவை வாங்கிக்கொண்டது. கூடவே, தன் தென்மேற்கு ஆப்பிரிக்காவிலிருந்து (இன்றைய நமீபியா) சாம்பெசி ஆற்றுக்குப் போக ஒரு பாதையும் கேட்டது. எங்கேயும் 20 மைலுக்கு அகலம் குறையக் கூடாது என்று எழுதி வாங்கினார்கள். இப்படியாக நமீபியாவின் வடகிழக்கு மூலையிலிருந்து சுமார் 450 கிலோமீட்டர் நீளத்துக்கு ஒரு விரல் நீண்டது. ஆற்றைப் பிடித்துக்கொண்டு கிழக்கே இந்தியப் பெருங்கடல் வரை போய்விடலாம் என்பது கணக்கு. வழியில் விக்டோரியா அருவி இருக்கிறது. சாம்பெசி நூறு மீட்டருக்கு மேல் அங்கே செங்குத்தாக விழுகிறது. உள்ளூர்க்காரர்கள் அதற்கு ‘இடி முழங்கும் புகை’ என்று பொருள்படப் பெயர் வைத்திருந்தார்கள். பயணி லிவிங்ஸ்டன் 1855-இலேயே பார்த்து, புத்தகமும் எழுதிவிட்டார். அச்சான புத்தகத்தைப் படித்துவிட்டுக் கோடு போடுவதில் என்ன திறமை இருக்கிறது? படிக்காமல் போடுவதுதான் கலை.

அந்த விரலின் நுனியில் நமீபியா, போட்ஸ்வானா, சாம்பியா, சிம்பாப்வே நான்கும் ஏறக்குறைய ஒரே புள்ளியில் முட்டிக்கொள்கின்றன. போட்ஸ்வானாவுக்கும் சாம்பியாவுக்கும் நடுவே மிஞ்சிய எல்லை 150 மீட்டர் சுமாருக்குத்தான். 2021-இல் அங்கே கசுங்குலா பாலம் திறந்தபோது ஆற்றை நேராகக் கடக்க முடியவில்லை. சிம்பாப்வே எல்லையில் பட்டுவிடாமல் பாலமே வளைந்து போகிறது. நூற்று முப்பது வருஷம் கழித்தும் காங்கிரீட்டை வளைக்கிற பேனா அது.

வஞ்சனை இல்லாமல் கொடுத்தவர்கள் என்பதற்கு பீர் தாவில் பாலைவனம் சாட்சி. எகிப்துக்கும் சூடானுக்கும் பிரிட்டிஷார் 1899-இல் ஒரு நேர்கோடும், 1902-இல் ஒரு வளைகோடும் போட்டுக் கொடுத்தார்கள். ஒன்று போதாதோ என்ற கவலை. கடலோர ஹலாயிப் கிடைக்கிற கோட்டைத்தான் இரு நாடும் ஆளுக்கொன்றாகப் பிடித்துக்கொண்டிருக்கின்றன. நடுவில் 2,000 சதுர கிலோமீட்டருக்குச் சற்று அதிகமான பாலைவனம் யாருக்கும் வேண்டாம் என்று கிடக்கிறது. வெளிநாட்டுக்காரர்கள் சிலர் அங்கே கொடி நட்டுத் தங்களை ராஜா என்று அறிவித்துக்கொள்கிறார்கள். முன்பு இதற்கு ராணுவம் தேவைப்பட்டது.

விடுதலை பெற்ற ஆப்பிரிக்கத் தலைவர்களும் நன்றி மறக்கவில்லை. 1964-இல் கெய்ரோவில் கூடி, கிடைத்த எல்லைகளை அப்படியே காப்போம் என்று தீர்மானித்தார்கள். சோமாலியாவும் மொராக்கோவும் மட்டும் முகம் சுளித்தன. மற்றவர்களுக்கு, சிறையின் மதிலை இடிப்பதைவிட ஆளுக்கொரு அறைக்கு வார்டனாவது பத்திரம் என்று பட்டிருக்கிறது. அதில் நியாயமும் இல்லாமல் இல்லை.

ஆனாலும் தலைசிறந்த படைப்பு என்று நான் கைநீட்டுவது காம்பியாவைத்தான். செனகலின் வயிற்றுக்குள் நுழைந்த விரால் மீன் போல ஒரு நாடு. 1889-இல் பிரிட்டனும் பிரான்சும் பாரிசில் எழுதிக்கொண்ட ஒப்பந்தப்படி ஆறு பிரிட்டனுக்கு, இரு கரையிலும் பத்துப் பத்து கிலோமீட்டரும் பிரிட்டனுக்கு. ஆற்றின் வளைவுகளில் கவராயத்தை ஊன்றி வட்டம் போட்டார்கள். எல்லையின் பல பகுதிகள் இன்றும் அந்த வில்வளைவுகள்தான். ஆற்றில் நின்ற பீரங்கிக் கப்பலின் குண்டு எட்டிய தூரம் அது என்று ஊரில் கதை சொல்வார்கள். அதெல்லாம் அபாண்டம். குண்டு போட்டிருந்தால் யாராவது அந்த இடத்தை நேரில் பார்த்திருக்க வேண்டுமே.

இரு பக்கமும் மண்டிங்காவும் வொலோஃபும் பேசும் அதே ஜனங்கள்தான். அண்ணன் பிள்ளை பள்ளியில் பிரெஞ்சு படித்தான், தம்பி பிள்ளை ஆங்கிலம் படித்தான். ஒரே குடும்பத்துக்கு இரண்டு உலக மொழி, செலவில்லாமல்.

செனகலின் தென்பகுதியான காசமான்ஸ் இதனால் தலைநகர் டாக்காரிலிருந்து துண்டாகித் தனியே கிடந்தது. 1982-இலிருந்து அங்கே ஒரு பிரிவினைப் போராட்டம். சாலைவழி போனால் காம்பியாவைக் கடக்க வேண்டும். ஃபாராஃபென்னி படகுத்துறையில் லாரிகள் நாள்கணக்கில் நிற்கும். மாம்பழம் லாரியிலேயே பழுத்து லாரியிலேயே அழுகும். இல்லையென்றால் நாட்டையே சுற்றிக்கொண்டு நூற்றுக்கணக்கான கிலோமீட்டர் போக வேண்டும். அதனால் ஜனங்கள் கப்பலை நம்பினார்கள். 2002 செப்டம்பர் 26 அன்று, ‘ஜோலா’ கப்பல் காசமான்ஸின் சிகின்ஷோரிலிருந்து டாக்காருக்குக் கிளம்பியது. 600 பேர்கூட ஏறக் கூடாத கப்பல். இரவில், காம்பியக் கடற்கரைக்கு அப்பால் கவிழ்ந்தது. 1,860 பேருக்கு மேல் இறந்தார்கள். டைட்டானிக்கில் இறந்தவர்களைவிட அதிகம். பிழைத்தவர்கள் 64 பேர். கூட்டத்தை ஏற்றியவர்கள்மேல் பழி வந்தது, சரிதான். கவராயம் பிடித்தவர்களை யாரும் ஒரு வார்த்தை சொல்லவில்லை. சொல்லவும் கூடாது, அவர்கள் யாரையும் கப்பலில் ஏறச் சொல்லவில்லையே.

2019 ஜனவரியில் ஃபாராஃபென்னி அருகே பாலம் திறந்தார்கள். ஒப்பந்தம் எழுதி 130 வருஷம். இப்போது டாக்காரிலிருந்து சிகின்ஷோர் போகிற லாரிக்காரர், செனகல் சாவடியில் நின்று வெளியேறி, காம்பியச் சாவடியில் நின்று உள்ளே நுழைந்து, பாலத்துக்குச் சுங்கம் கட்டி, ஆற்றைக் கடந்து, காம்பியச் சாவடியில் மறுபடி நின்று, கடைசியில் செனகல் சாவடியில் காகிதத்தை நீட்டுகிறார். எங்கிருந்து வருகிறாய் என்று அங்கே கேட்பார்கள். செனகலிலிருந்து என்று அவர் சொல்ல வேண்டும்.