பில் வைத்திருப்பவனே குற்றவாளி

கம்ப்யூட்டர் உலகில் புதுசு கேட்பவனுக்கு ரத்தினக் கம்பளம். ஒரு வாரம் இலவசம் என்பார்கள், மின்னஞ்சலில் பெயர் சொல்லிக் கூப்பிடுவார்கள், தள்ளுபடி தருவார்கள். பழசு கேட்டுப் பாருங்கள். ‘போன வெர்ஷனே நன்றாக இருந்தது, அதையே திரும்பப் போட்டுக்கொள்கிறேன்’ என்று வாய் திறந்தால் போதும், அடகுக் கடையில் திருட்டு நகையை நீட்டியவனைப் பார்க்கிற பார்வை. பில்லும் பெட்டியும் சி.டி.யும் பத்திரமாக வைத்திருப்பவன், தான் வாங்கியதையே இன்னொரு தடவை கேட்கிறான். அதற்குத்தான் இத்தனை விசாரணை.

மிகையாகச் சொல்கிறேன் என்று நினைப்பவர்கள் 2019 மே மாதத்துக்குப் போய்வரலாம். அடோபி நிறுவனம் தன் சந்தாதாரர்களுக்கு மின்னஞ்சல் அனுப்பியது. போட்டோஷாப், பிரீமியர் முதலானவற்றின் பழைய வெர்ஷன்களைப் பயன்படுத்த உங்களுக்கு இனி அனுமதி இல்லை, தொடர்ந்து பயன்படுத்தினால் மூன்றாம் தரப்பினர் உங்கள்மீது உரிமை மீறல் என்று கிளம்பக்கூடும், ஜாக்கிரதை. இறக்கிக்கொள்ளக் கடைசி இரண்டு பெரிய வெர்ஷன்கள் மட்டும்தான் மிச்சம் என்றும் ஆனது. கடிதம் போனது திருட்டு மென்பொருள் வைத்திருப்பவர்களுக்கு அல்ல. அவர்கள் முகவரி அடோபியிடம் ஏது? மாதாமாதம் தவறாமல் கப்பம் கட்டியவர்களுக்குத்தான் போனது.

காரணம் கேட்டவர்களுக்கு, விவகாரம் நீதிமன்றத்தில் இருப்பதால் விளக்கம் சொல்வதற்கில்லை என்று பதில். அதற்கு முந்தைய ஆண்டுதான் டால்பி நிறுவனம் உரிமத்தொகைக் கணக்குத் தகராறில் அடோபிமீது வழக்குப் போட்டிருந்தது. பத்திரிகைகள் இரண்டையும் முடிச்சுப் போட்டன. அடோபி ஆமாம் என்றும் சொல்லவில்லை, இல்லை என்றும் சொல்லவில்லை. எந்த ஊர் நியாயம் இது? இரண்டு பெரிய முதலாளிகளுக்குள் கொடுக்கல் வாங்கலில் பிணக்கு என்றால், தஞ்சாவூரில் கல்யாண வீடியோ எடிட் செய்கிறவன் ஏன் பயப்பட வேண்டும்? பயப்பட வேண்டும், அவ்வளவுதான். சந்தா கட்டும்போது ‘ஒப்புக்கொள்கிறேன்’ என்ற பெட்டியில் டிக் போட்டாயா இல்லையா?

பழசின் அருமை தெரிய வேண்டுமானால் கலிபோர்னியாவை விட்டுவிட்டு நம் ஊர் டி.டி.பி. சென்டருக்குள் நுழைய வேண்டும். பத்திரப்பதிவு அலுவலகத்துக்கு எதிரில், ஜெராக்ஸ் மெஷினுக்கும் லேமினேஷன் மெஷினுக்கும் நடுவே, தூசி படிந்த ஒரு சிஸ்டம் இருக்கும். அதில் பேஜ்மேக்கர் என்ற பக்க வடிவமைப்பு மென்பொருள். தமிழ்நாட்டுக் கல்யாணப் பத்திரிகையும் காதுகுத்து அழைப்பிதழும் கண்ணீர் அஞ்சலியும் கட்சி நோட்டீஸும் கோயில் கும்பாபிஷேக மலரும், யாரும் பரிசு கொடுக்காத சிற்றிதழ்களும், பரிசு வாங்கிய நாவல்களும் ஒரு தலைமுறைக் காலம் அதற்குள்தான் பிறந்தன. ஆல்டஸ் நிறுவனம் 1985இல் உருவாக்கியது, 1994இல் அந்த நிறுவனத்தையே அடோபி வாங்கியது, 2001இல் 7.0 வந்தது. விண்டோஸ் எக்ஸ்பிகூட அதற்குத் தம்பிதான். அதற்குள் அடோபிக்கு இன்டிசைன் என்கிற செல்லப்பிள்ளை வந்துவிட்டிருந்தது. மூத்த குடியாளின் பிள்ளையைத் திண்ணையில் படுக்கப் போட்டார்கள்.

‘அப்டேட் பண்ணிக்கொள்ள வேண்டியதுதானே’ என்று கேட்கும் மேதாவிகளுக்கு ஒரு விவரம். யூனிகோடு புழக்கத்துக்கு வருமுன் தமிழ் எழுத்துருக்கள் ஆளுக்கொரு ஜாதி. ஆங்கில எழுத்து இருக்க வேண்டிய இடத்தில் தமிழ் எழுத்தின் படத்தை உட்கார்த்தி வேலையை ஓட்டினோம். பாமினி எழுத்துருவில் ‘அம்மா’ என்று அடித்த ஃபைலை அந்த எழுத்துரு இல்லாத கணினியில் திறந்தால் எம், கே, அரைப்புள்ளி, கே, எச் என்று ஐந்து பேர் வரிசையில் நிற்பார்கள். அந்தப் பழைய எழுத்துருவும் ஃபைலைத் திறக்கும் பழைய மென்பொருளும் இருந்தால்தான் அவர்கள் ஐவரும் சேர்ந்து அம்மா ஆவார்கள். இருபது வருடத்துப் புத்தகங்கள், கோயில் மலர்கள், ஊர் வரலாறுகள் இப்படித்தான் சி.டி.க்களில் கிடக்கின்றன. எழுதியவர்களில் பலர் காலமாகிவிட்டார்கள். மறுபதிப்பு போட நினைக்கும் பதிப்பாளருக்குத் தேவை அதிநவீனச் செயற்கை நுண்ணறிவு அல்ல. திறக்கிற சாவி.

அந்தச் சாவியின் கதைதான் வயிற்றெரிச்சல். பேஜ்மேக்கர் ஃபைலை இன்டிசைனில் திறக்க அடோபியே வழி வைத்திருந்தது. ஆனால் சி.எஸ்.6 என்ற வெர்ஷன் வரைக்கும்தான். 2013இல் வந்த சி.சி. வெர்ஷன் முதற்கொண்டு அந்தக் கதவைச் செங்கல் வைத்து அடைத்தாயிற்று. என்ன செய்வது என்று கேட்டால், சி.எஸ்.6 அல்லது அதற்கு முந்தையதில் திறந்து சேமித்துக்கொண்டு, பிறகு புதியதில் திறக்கலாம் என்று ஆலோசனை. ஆஹா, பேஷ்! சி.எஸ்.6 எங்கே கிடைக்கும்? 2017 ஜனவரியோடு விற்பனையை நிறுத்திவிட்டார்கள். அதாவது, அவர்கள் ஃபைலைத் திறக்க அவர்கள் மென்பொருளே வேண்டும். அந்த மென்பொருளை அவர்கள் விற்க மாட்டார்கள். விற்காததை வேறு எங்காவது வாங்கினால் திருடன் என்பார்கள். இந்த வட்டத்தை யோசித்துக் கண்டுபிடித்தவருக்குக் கட்டாயம் நல்ல போனஸ் கிடைத்திருக்கும்.

எழுத்துருக்களையும் விட்டுவைக்கவில்லை. டைப் 1 என்ற எழுத்துரு வகையை 1980களில் உலகத்துக்குக் கொடுத்ததே அடோபி. நம்பி வாங்கிச் சேர்த்தார்கள் அச்சகக்காரர்கள். 2023 ஜனவரியோடு அடோபியின் புதிய மென்பொருட்கள் அதைத் தெரியாது என்று சொல்லிவிட்டன. பெற்றவனே பிள்ளையைத் தெரியாது என்று சொன்ன பிறகு ஊரான் என்ன செய்வான்?

பழசைக் கொடுப்பதில் அப்படி என்னதான் செலவு என்றும் பார்த்துவிடலாம். அதற்கும் அடோபியே சாட்சி. சி.எஸ்.2 என்ற பழைய தொகுப்பைச் சரிபார்க்கும் ஆக்டிவேஷன் சர்வரை அவர்கள் மூடியதும், காசு கொடுத்து வாங்கியவர்கள் மறுபடி நிறுவ முடியாமல் நின்றார்கள். 2013 ஜனவரியில் சர்வர் தேவைப்படாத பிரதி ஒன்றைச் சீரியல் நம்பரோடு பொதுவில் வைத்தார்கள். ‘அடோபி இலவசம்!’ என்று உலகமே ஓடிப்போய் இறக்கியது. பதறிப்போய், இலவசம் இல்லை, முன்பு வாங்கியவர்களுக்கு மட்டும்தான் என்று விளக்கம் கொடுத்தார்கள். வேடிக்கை இருக்கட்டும். ஒரு ஃபைல், ஒரு சீரியல் நம்பர், ஒரு பக்கம். வேலை முடிந்தது. வானம் இடிந்து விழவில்லை. மனம் இருந்தால் ஒரு மத்தியானத்தில் முடிகிற காரியம் என்று அவர்களே செய்து காட்டினார்கள்.

மனம் இல்லாததால் யார் கொழிக்கிறார்கள்? கிராக் போடுகிறவன் கொழிக்கிறான். அவனிடம் எல்லா வெர்ஷனும் உண்டு. போட்டோஷாப் 7 வேண்டுமா, சி.எஸ்.3 வேண்டுமா, பென் டிரைவில் வரிசையாக வைத்திருக்கிறான். ஆக்டிவேஷன் கிடையாது, சந்தா கிடையாது, மிரட்டல் கடிதம் கிடையாது. கரண்ட் இருக்கும்வரை ஓடும். காசு கொடுத்தவன்தான் ‘உங்கள் உரிமத்தைச் சரிபார்க்க முடியவில்லை’ என்ற பெட்டியைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறான். திருட்டை ஒழிக்கிறோம் என்று கிளம்பி, திருட்டுச் சரக்குத்தான் நம்பகமான சரக்கு என்று ஊருக்கே பாடம் நடத்திய பெருமை இந்தத் துறைக்கு உண்டு.

கிராக் பாவம் என்று அஞ்சும் நல்ல ஆத்மா தேடுபொறியில் ‘ஓல்டு வெர்ஷன் டவுன்லோடு’ என்று போடுகிறது. வந்து நிற்கும் பக்கத்தைப் பார்க்க வேண்டுமே! பச்சையில் ஒரு டவுன்லோடு பொத்தான், அதைவிடப் பெரிய பச்சையில் இன்னொன்று, மினுக்கி மினுக்கி மூன்றாவது. மூன்றும் விளம்பரம். உண்மையான இணைப்பு அடியில், சாம்பல் நிறத்தில், எறும்பு அளவில் இருக்கும். அதைக் கண்டுபிடித்து இறக்கினாலும் முதலில் வருவது ‘டவுன்லோடர்’. நெக்ஸ்ட், நெக்ஸ்ட் என்று அழுத்தி முடிப்பதற்குள் பிரவுசரின் முகப்புப் பக்கம் மாறியிருக்கும். பெயர் தெரியாத ஒரு பாதுகாவலர் ‘உங்கள் கணினியில் 400 பிழைகள்’ என்று அலறத் தொடங்கியிருப்பார். சந்து பொந்தில் இருக்கும் தளங்கள் மட்டும்தான் இப்படி என்று எண்ண வேண்டாம். பேர் பெற்ற டவுன்லோடு.காம் 2011இல் என்மேப் என்ற இலவச மென்பொருளுக்குள் டூல்பாரைச் சுற்றிக் கொடுத்ததாக அதை உருவாக்கியவரே கொதித்து எழுதினார். 2015இல் சோர்ஸ்ஃபோர்ஜ் தளம், கிம்ப் மென்பொருளின் விண்டோஸ் பக்கத்தைத் தன் பொறுப்பில் எடுத்துக்கொண்டு விளம்பரச் சரக்கைச் சேர்த்துக் கட்டியது. தயாரித்தவன் கதவைச் சாத்தினால் தெருவில் யார் கடை போடுவான் என்பது தெரிந்த விஷயம்தானே.

இந்த இடத்தில் நிறுவனங்களின் வக்கீல் எழுந்து ‘பாதுகாப்பு’ என்பார். சரி, பேசலாம். 2017 மே மாதம் வானாக்ரை என்ற பணயத்தொகை வைரஸ் உலகத்தை ஆட்டியபோது, மைக்ரோசாப்ட் மார்ச்சிலேயே கொடுத்த திருத்தத்தைப் போடாதவர்கள்தான் அடிபட்டார்கள். பிரவுசரையும் இயங்குதளத்தையும் பழையதாக வைத்துக்கொண்டு பேங்க் வேலை பார்ப்பவனுக்கு நானும் வக்காலத்து வாங்கமாட்டேன். ஆனால் நெட் கனெக்‌ஷனே இல்லாத மூலையில் கல்யாணப் பத்திரிகை அடிக்கும் பேஜ்மேக்கரால் எந்த நாட்டின் பாதுகாப்பு கெட்டது?

புதுசு என்றாலே பத்திரம் என்ற சுவிசேஷமும் வேண்டாம். அதே 2017இல் கணினியைச் சுத்தம் செய்யும் சிகிளீனர் மென்பொருளின் 5.33 வெர்ஷன், தயாரித்தவர்களின் சொந்த சர்வரிலிருந்தே, அசல் கையொப்பத்தோடு, நச்சு நிரலைச் சுமந்து 20 லட்சத்துக்கும் மேற்பட்ட கணினிகளுக்குப் போனது. ஒழுங்காக அப்டேட் போட்டவர்களுக்கே அந்தப் பிரசாதம், சோம்பேறிகள் தப்பினார்கள். 2024 ஜூலை 19 அன்று கிரவுட்ஸ்டிரைக் என்ற பாதுகாப்பு மென்பொருள் நிறுவனம் அனுப்பிய ஒரே ஒரு அப்டேட்டில் சுமார் 85 லட்சம் விண்டோஸ் கணினிகள் நீலத்திரை காட்டிப் படுத்தன. நம் நாட்டு விமான நிலையங்களில் பேனாவை எடுத்து போர்டிங் பாஸ் எழுதிக் கொடுத்தார்கள். பேனாவுக்கு அப்டேட் வராததால் பிழைத்தோம்.

பாதுகாப்பின் பேரால் நடந்த அசிங்கங்களில் 2016ஐ மறக்க முடியாது. விண்டோஸ் 10க்கு மாறச் சொல்லும் பெட்டியின் மூலையில் இருக்கும் பெருக்கல் குறியை அழுத்தி மூடினாலும் குறித்த தேதியில் மாற்றம் நடந்தே தீரும் என்று மைக்ரோசாப்ட்காரர்கள் வைத்தார்கள். வேண்டாம் என்று கதவைச் சாத்துவதற்கே சம்மதம் என்று பொருள் கொண்டார்கள். அந்த ஆண்டு முடிவதற்குள் அவர்களுடைய மார்க்கெட்டிங் தலைவரே எல்லை மீறிவிட்டோம் என்று ஒப்புக்கொண்டார். பெரிய மனது.

பழசைத் தேக்கி வைக்க இடமில்லை, ஆளில்லை என்பார்கள். வி.எல்.சி. பிளேயரை நடத்துவது லாபநோக்கில்லாத ஓர் அமைப்பு, பெரும்பாலும் தன்னார்வலர்கள். அதன் ஆரம்பகால வெர்ஷன்கள்கூட வரிசையாகக் கிடைக்கின்றன. ஃபயர்பாக்ஸும் லிப்ரே ஆபீஸும் அப்படியே. கேட்பவனின் ஜாதகத்தைப் பார்ப்பதில்லை. உண்டியல் குலுக்கிப் பிழைக்கிறவர்களிடம் இடம் இருக்கிறது. உலகக் கோடீஸ்வரர்களிடம் இல்லையாம்.

உண்மைக் காரணம் இடமும் இல்லை, பாதுகாப்பும் இல்லை. பழசு நன்றாக ஓடினால் புதுசுக்கு வாடகை யார் கட்டுவான்? வாடகை வீட்டில் சுவரின் நிறம்கூட உங்களுடையது அல்ல. 2022 நவம்பரில் பேன்டோன் நிறுவனத்தின் வண்ணப் பட்டியல்கள் பெரும்பாலானவற்றை அடோபி மென்பொருட்களிலிருந்து எடுத்தபோது, பல வருடங்களுக்கு முன் செய்த வடிவமைப்புகளைத் திறந்தவர்கள் தங்கள் சிவப்பும் பச்சையும் கறுப்பாகிக் கிடப்பதைக் கண்டார்கள். திரும்ப வேண்டுமா? பேன்டோனுக்குத் தனிச் சந்தா, அப்போது மாதம் 15 டாலர் வரை. வாடகையே வேண்டாம், காலி செய்கிறேன் என்றால் அதற்கும் அபராதம். மாதத் தவணையில் கட்டும் ஆண்டுச் சந்தாவை முதல் வருடத்திலேயே நிறுத்தினால் மிச்சத் தொகையில் பாதியைக் கறக்கிறார்கள், அதைக் கண்ணில் படாமல் ஒளிக்கிறார்கள் என்று அமெரிக்க வணிக ஆணையத்தின் பரிந்துரையில் அமெரிக்க அரசு 2024 ஜூனில் அடோபிமீது வழக்கே போட்டது.

‘நாங்கள் எதையும் விற்கவில்லை, உரிமம்தான் கொடுத்தோம்’ என்பது இந்தத் துறையின் வேதவாக்கு. அந்த வேதத்தை நம் உச்ச நீதிமன்றத்தில் எப்படி ஓதினார்கள் என்று பாருங்கள். மாநில அரசு விற்பனை வரி கேட்டது. மென்பொருள் கண்ணுக்குத் தெரியாத அறிவு, அது பொருளே அல்ல என்று வாதாடினார்கள். சி.டி.யில் வைத்து விற்றால் பொருள்தான் என்று 2004இல் டி.சி.எஸ். வழக்கில் தீர்ப்பு வந்தது. பிறகு வருமான வரித்துறை வந்து, வெளிநாட்டு நிறுவனங்களுக்கு இங்கிருந்து போவது பதிப்புரிமைக்கான ராயல்டி, வரி பிடி என்றது. உடனே நாக்கு திரும்பியது: ராயல்டியா? சேச்சே, நாங்கள் சாதாரணமாகப் பொருள் விற்கிறவர்கள் ஐயா! 2021 மார்ச்சில் உச்ச நீதிமன்றம் அந்த வாதத்தை ஏற்றது, வரி மிச்சமானது.

ஆக, விற்பனை வரிக்காரனிடம் அது பொருள் இல்லை. வருமான வரிக்காரனிடம் வெறும் பொருள். வாங்கிய என்னிடம் மட்டும் விற்கவே இல்லை. 2021இல் நீதிபதிகள் முன்னால் சொன்னதையே என்னிடமும் ஒரு தடவை சொல்லட்டும். சொல்லிவிட்டு, மூடி வைத்திருக்கும் ஆக்டிவேஷன் சர்வரை ஆன் பண்ணட்டும்.