பத்திரிகையில் போட்ட பெயரெல்லாம்...

கேள்வி: வரதட்சணைக் கொடுமைப் புகார் கொடுத்தால் மாமியார், நாத்தனார், ஒன்றுவிட்ட சித்தப்பா வரை எல்லாரையும் உள்ளே தள்ளிவிடுவார்களாமே?
- ஒரு வாசகர், திண்டுக்கல்

பதில்: கல்யாணப் பத்திரிகையைப் பார்த்து எஃப்.ஐ.ஆர். எழுதினால், 'சித்தப்பா எப்போது, என்ன செய்தார்?' என்று கோர்ட் கேட்கும். பீகார் வழக்கொன்றில், பொத்தாம்பொதுவான புகார் என்று கணவன் வீட்டார் மீதான வழக்கை 2022-இல் உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. தேவையின்றி உடனே கைது செய்யக் கூடாது என்று 2014-லேயே அர்னேஷ் குமார் வழக்கில் சொல்லிவிட்டது. அதற்காக மாமியார்கள் பாயசம் வைக்க வேண்டாம்! 'மீதி இருபது பவுன் எங்கே?' என்று வாட்ஸ்அப்பில் அதட்டியது சிக்கினால், 3 ஆண்டு வரை சிறை. புகார் தரும் பெண்களே, உறவுமுறையை விட்டுவிட்டு, நடந்ததைத் தேதியோடு எழுதுங்கள்.