கொடி பிடித்துச் சாப்பிட்டோம்

தெருவில் நின்று சாப்பிட ஒருவருக்கு நாக்கும் கொஞ்சம் சில்லறையும் போதும் என்றுதான் ஐம்பது வயதுவரை நினைத்திருந்தேன். இப்போது வழிகாட்டி வேண்டுமாம். பெரிய நகரங்களில் இது நல்ல தொழில். குட்டிக் கொடியோ மடக்குக் குடையோ தூக்கிக்கொண்டு ஒருவர் முன்னால் நடக்க, பத்துப் பேர் பின்னால் போக வேண்டும். அவர் நிற்கும் கடையில் நிற்க வேண்டும், கதை கேட்க வேண்டும், பிறகுதான் வாயைத் திறக்க வேண்டும். பெயர் ஃபுட் வாக்.

இந்தச் சமாசாரம் எங்கள் குடும்பத்துக்குள் பிலிப்பைன்ஸ் வழியாக வந்தது. சித்தூரில் வாழ்க்கைப்பட்ட என் அக்காவின் மகன் டாவோ நகரத்தில் டாக்டருக்குப் படிக்கிறான். ஆந்திராவிலிருந்தும் தமிழ்நாட்டிலிருந்தும் ஆயிரக்கணக்கில் பிள்ளைகள் அங்கே போய்ப் படிக்கிறார்கள். செமஸ்டர் விடுமுறையில் மணிலா போனவன், பினோண்டோ என்கிற சீனர் பேட்டையில் கொடிக்குப் பின்னால் நடந்திருக்கிறான். 1594-இல் உருவான பேட்டை அது. உலகத்திலேயே பழைய சைனா டவுன் என்று அவர்களுக்குப் பெருமை. நடந்து, கதை கேட்டு, தின்று, ஊர் திரும்பியவன் அம்மாவிடம் அறிவித்தான்: "இதை நம்ம ஊர்ல நான் ஆரம்பிக்கப் போறேன்."

"டாக்டர் ஆகறது?" என்றாள் அக்கா.

"அதுவும்."

சோதனை ஓட்டத்துக்கு ஒரு வாடிக்கையாளர் தேவைப்பட்டார். வேலூரில் சும்மா இருக்கும் தாய்மாமனைவிட மலிவாக யார் கிடைப்பார்கள்?

முதல் நாள் இரவு அக்கா வீட்டு மொட்டைமாடியில் பயிற்சி வகுப்பு நடந்தது. மணிலாவில் என்னென்ன சாப்பிட்டான் என்று பட்டியல் போட்டான். கோழிக்குடலை வளைத்து வளைத்துக் குச்சியில் கோத்துக் கரியடுப்பில் சுட்டு, வெங்காயமும் மிளகாயும் போட்ட வினிகரில் முக்கித் தருவது இசாவ். கோழிக்காலைச் சுட்டால் அதன் பெயர் அடிடாஸ், கோழித்தலை ஹெல்மெட். பன்றிக்காது வாக்மேன். உறைந்த ரத்தத்தைச் சதுரம் சதுரமாக வெட்டிச் சுட்டால் பீட்டாமேக்ஸ். பழைய வீடியோ கேசட் மாதிரி கறுப்பாக இருக்குமாம். உச்சகட்டம் பலூட். வாத்து முட்டையை இரண்டு வாரத்துக்கு மேல் அடைகாத்து, உள்ளே குஞ்சு உருவெடுத்துக்கொண்டிருக்கும்போது அவித்து, ராத்திரியில் கூடையில் வைத்து விற்பார்கள். ஓட்டில் துளை போட்டு முதலில் சாற்றை உறிஞ்ச வேண்டும்.

அக்கா காதைப் பொத்திக்கொண்டாள். "சீ! குடலையும் ரத்தத்தையுமா திம்பாங்க? மனுஷங்களா அவங்க?"

போன பொங்கலுக்கு மறுநாள் இதே அக்கா கையால் நான் சாப்பிட்டது ஆட்டு ரத்தப் பொரியலும் போட்டி வறுவலும். போட்டி என்றால் வேறென்ன, குடல்தான். மூன்று தடவை சுண்ணாம்பு போட்டுக் கழுவினேன் என்று பெருமையாகச் சொல்லித்தான் பரிமாறினாள். தலைக்கறி வேண்டுமென்றால் ஞாயிற்றுக்கிழமை வா என்று அழைப்பும் விடுத்தாள். இதையெல்லாம் நான் அப்போது எடுத்துச் சொல்லவில்லை. காலை டிபன் அவள் கையில் இருந்தது.

பயணத்திட்டம் இரண்டு ஊருக்கு. சித்தூர், திருப்பதி. இடையே எழுபது கிலோமீட்டர். நடைப்பயணம் என்று பெயர் வைத்துவிட்டு எழுபது கிலோமீட்டரை எப்படி நடப்பது என்றேன். அந்தப் பகுதிக்கு ஆர்டிசி பஸ் என்றான். 2022 ஏப்ரல் 4 வரை இரண்டும் ஒரே மாவட்டம். அன்று திருப்பதியைத் தனி மாவட்டமாகப் பிரித்துவிட்டார்கள். மருமகனுக்கு அதில் வருத்தமில்லை. "இரு மாவட்ட உணவுப் பயணம்" என்று நோட்டீஸில் போடலாமே. இன்னும் பின்னால் போனால் 1911 ஏப்ரல் 1-க்கு முன் சித்தூர் வட ஆர்க்காட்டின் தலைநகரமே. அதாவது வேலூர்க்காரனான நான் அந்தக் கணக்கில் உள்ளூர்க்காரன், எனக்குக் கட்டணத் தள்ளுபடி உண்டு என்று வாதாடிப் பார்த்தேன். எடுபடவில்லை.

முதலில் சித்தூர், மறுநாள் திருப்பதி என்றுதான் அவன் எழுதியிருந்தான். அக்கா ஒரே பார்வையில் அதைத் தலைகீழாக்கினாள். "சித்தூர்ல போட்டியத் தின்னுட்டு மறுநாள் பெருமாள் ஊருக்கா போவீங்க? கவுச்சி சாப்பிட்டுட்டு அங்க கால் வைக்கக் கூடாது. முதல்ல போட்டு, அப்புறம்தான் போட்டி." திருமலையில் லட்டு தயாராகும் மடப்பள்ளிக்குப் போட்டு என்று பெயர். ஒரே வாக்கியத்தில் பயணத்திட்டத்தை மாற்றியமைத்த அக்காவிடம்தான் அந்தக் கொடியைக் கொடுத்திருக்க வேண்டும்.

திருப்பதி ரயில் நிலையத்தை ஒட்டிய கோவிந்தராஜ சுவாமி கோயில் பக்கம் காலையில் நடை தொடங்கியது. மருமகன் மஞ்சள் கொடி ஒன்றைக் குச்சியில் கட்டித் தூக்கிப் பிடித்தான். திருப்பதியில் கொடி தூக்குவது என்ன விளைவை உண்டாக்கும் என்பதை மணிலாவில் யாரும் அவனுக்குச் சொல்லித்தரவில்லை. பத்தடி நடப்பதற்குள் சேலத்துப் பக்கத்திலிருந்து வந்த ஒரு குடும்பம் பின்னால் சேர்ந்துகொண்டது. எல்லோருக்கும் புது மொட்டை, தலையில் சந்தனம். தங்கள் பஸ்ஸில் வந்த கைடு என்று நினைத்துவிட்டார்கள். சுவாமி ஏன் மரக்காலைத் தலைக்கு வைத்துப் படுத்திருக்கிறார் என்று மருமகன் ஆரம்பித்தான். கல்யாணத்துக்குத் தம்பி வேங்கடவன் குபேரனிடம் வாங்கிய கடனுக்கு, வருகிற காணிக்கையை அளந்து அளந்து அண்ணன் அசந்துபோனார் என்பது ஊரில் சொல்லும் கதை. "பிலிப்பைன்ஸ்லயும் நம்ம நாட்டுக்காரங்க வட்டிக்குக் கொடுக்கறாங்க. அஞ்சு வாங்கினா ஆறு தரணும். பேரே ஃபைவ் சிக்ஸ்" என்று சேர்த்துக்கொண்டான். மொட்டைப் பெரியவர் பயபக்தியோடு கேட்டார்: "தம்பி, சர்வ தரிசன டோக்கன் எங்க தராங்க?"

அடுத்த நிறுத்தம் உக்கானி வண்டி. ராயலசீமாவின் காலை உணவில் எனக்கு இதற்கு மேல் ஒன்று கிடையாது. பொரியைத் தண்ணீரில் நனைத்துப் பிழிந்து, வெங்காயம் பச்சைமிளகாய் தாளிப்பில் புரட்டி, பொட்டுக்கடலைப் பொடி தூவுவார்கள். கூடவே சுடச்சுட மிளகாய் பஜ்ஜி. பொரியில் உப்புமாவா என்று முகம் சுளிக்கும் சென்னைக்காரர்களை நான் வற்புறுத்துவதில்லை. எனக்கு இன்னொரு தட்டு கிடைக்கும். இங்கேதான் எனக்கும் ஃபுட் வாக்குக்கும் கொள்கைத் தகராறு வந்தது. தட்டு கைக்கு வந்துவிட்டது, பஜ்ஜியிலிருந்து ஆவி பறக்கிறது, வழிகாட்டி கதையை முடிக்கவில்லை. மிளகாய் அமெரிக்கக் கண்டத்தில் பிறந்து, போர்த்துகீசியர் கப்பலில் இந்தியா வந்து, மெக்சிகோவின் அகாபுல்கோவிலிருந்து ஸ்பானியர் கப்பலில் மணிலாவும் போனதாம். உண்மைதான். ஆனால் அத்தனை கடல் தாண்டி வந்த மிளகாயை ஆறவிட்டுச் சாப்பிடுவது அதற்குச் செய்யும் மரியாதையா? வண்டிக்கார அம்மாவுக்கும் பொறுக்கவில்லை. "யூட்யூபா சார்? சீக்கிரம் எடுத்துட்டு நகருங்க, பின்னால ஆள் நிக்குது" என்றார். பின்னால் நின்றது சேலத்துக் குடும்பம். கதை தொடங்குமுன்னே சாப்பிட்டு முடித்து, இரண்டாம் தட்டுக்குக் கை நீட்டிக்கொண்டிருந்தார்கள்.

லட்டு எங்கே என்று நடுவில் ஒரு பையன் கேட்டான். அது தெருச்சாப்பாடு இல்லை, தெருவில் விற்கக் கூடாத சாப்பாடு என்று மருமகன் விளக்கினான். 2009-இல் புவிசார் குறியீடு பெற்றபிறகு, அந்தப் பெயரைப் போட்டு வேறு யாரும் விற்பது சட்டப்படியும் குற்றம். மலைமேல் இன்னொரு சிக்கல், சாப்பாடே இலவசம். 1985-இல் என்.டி. ராமராவ் முதல்வராக இருந்தபோது நாளுக்கு 2,000 பேருக்கு என்று தொடங்கிய அன்னதானம், இப்போது தரிகொண்ட வெங்கமாம்பா பெயரில் உள்ள பெரிய கூடங்களில் பந்தி பந்தியாக நடக்கிறது. வெங்கமாம்பா இந்தச் சீமையில் பிறந்த கவி. சுடுசோறும் சாம்பாரும் சும்மா போடுகிற ஊரில், காசு வாங்கிக்கொண்டு பஜ்ஜி காட்டுவது துணிச்சலான வியாபாரம்தான். சேலத்துக் குடும்பம் மலைக்குப் போகும் வழி கேட்டுக்கொண்டு கிளம்பியது. கைடு நல்ல பையன், ஆனால் ரொம்பப் பேசுகிறான் என்று பெரியவர் என்னிடம் தனியாகச் சொன்னார்.

சித்தூருக்கு பஸ்ஸில் திரும்பும்போது மாங்காய் சீசன். தோதாபுரி, நம் ஊரில் கிளிமூக்கு, லாரி லாரியாகக் கூழ் தொழிற்சாலைகளுக்குப் போய்க்கொண்டிருந்தது. பஸ் நின்ற இடத்தில் அதையே கீறி உப்பு மிளகாய்ப்பொடி தடவி விற்றார்கள். மணிலாவில் பச்சை மாங்காய்க்கு பாகூங் தொட்டுக்கொள்வார்கள் என்றான். கூனிறாலை உப்பில் புளிக்க வைத்த விழுது. அக்காவிடம் சொல்லாதே என்றேன். 2025 கோடையில் இந்தத் தோதாபுரியின் விலை விழுந்து விவசாயிகள் தவித்தபோது அரசு கிலோவுக்கு 4 ரூபாய் தன் பங்காகத் தந்தது. என் கையில் இருந்த நாலு கீற்றுக்கு நான் கொடுத்தது அதைவிட அதிகம். எந்த டூரிலும் இந்தக் கணக்கை யாரும் சொல்வதில்லை.

இருட்டியதும் சித்தூரில் தள்ளுவண்டி. பெட்ரோமாக்ஸ் போய் எல்இடி பல்பு வந்துவிட்டது, தோசைக்கல்லும் கரண்டிச் சத்தமும் மாறவில்லை. போட்டியை வெங்காயம் மிளகோடு கொத்திப் புரட்டி, வாழையிலைக் கிழிசலில் போட்டுத் தந்தார்கள். மருமகன் ஒரு வாய் வைத்துவிட்டுக் கண்ணை மூடினான். இசாவுக்கும் இதுக்கும் வினிகர்தான் வித்தியாசம் என்று தீர்ப்புச் சொன்னான். பிறகு 1762-க்குப் போனான். அந்த ஆண்டு ஆங்கிலேயர் மணிலாவைப் பிடிக்கச் சென்னையிலிருந்து கப்பலேறினார்கள், கூடவே நம் பக்கத்துச் சிப்பாய்களும். 1764-இல் படை திரும்பியபோது சிலர் திரும்பவில்லை. மணிலாவுக்குப் பக்கத்தில் கைன்டா என்ற ஊரில் குடும்பம் குட்டியோடு தங்கிவிட்டார்கள். மாட்டுவாலும் வேர்க்கடலையும் போட்டு அந்த ஊரில் செய்யும் காரே காரே குழம்பு, அந்தச் சிப்பாய்கள் கறிக்கு ஏங்கிக் கிண்டியதுதான் என்று சொல்பவர்கள் உண்டு. அதற்கு ஆதாரம் இருக்கிறதோ இல்லையோ, வெளியூரில் மாட்டிக்கொண்ட தென்னிந்தியன் முதலில் அடுப்பைத்தான் தேடுவான் என்பதை நான் நம்புகிறேன். இந்தக் கதையை அவன் சொன்னது சாப்பிட்டு முடித்துக் கை கழுவியபிறகு. அதனால்தான் முழுக்கக் கேட்டேன்.

வண்டிக்காரர் மட்டும் கேட்காதவர்போலக் கேட்டுக்கொண்டிருந்தார். காசு வாங்கும்போது, "அப்ப அங்க போய் வண்டி போட்டா ஓடுமா தம்பி?" என்றார். மருமகன் யோசித்து, ஓடும் அண்ணா, வினிகர் மட்டும் வெச்சுக்குங்க என்றான்.

கட்டணம் என்ன என்று நானே கேட்டேன். திருப்பதி வண்டியிலும் சித்தூர் வண்டியிலும் பஸ்ஸிலும் மாங்காய்க்கும் காசு கொடுத்தவன் நான். சேலத்துக் குடும்பத்தின் முதல் தட்டுக்கும் நான்தான். இதற்கு மேல் கட்டணம் என்று ஒன்று கிடையாது மாமா, நீங்க முதல் கஸ்டமர் என்றான். டாவோவுக்குப் போய்ப் பரீட்சை எழுதிவிட்டு வந்து தொழிலை விரிவாக்குவானாம். அக்கா அதற்குள் அந்தக் கொடித்துணியைப் பிடிதுணியாக்கிவிட்டாள்.

வேலூர், சித்தூர் வழியாகத் திருப்பதி போகிறவர்களுக்கு ஒரு வார்த்தை. உக்கானியைக் காலையில் சீக்கிரம் போய்ச் சாப்பிடுங்கள், தீர்ந்துவிடும். கதையை அப்புறம் கேளுங்கள். சித்தூரில் போகும்போது இறங்காதீர்கள். தரிசனம் முடித்துத் திரும்பும்போது இறங்குங்கள். போட்டி வண்டிகள் இருட்டினபிறகுதான் வரும்.