காமெடியை எதுக்குத் தம்பி எழுதணும்?

ஆரப்பாளையத்தில் உட்கார்ந்துகொண்டு நகைச்சுவை எழுதிப் பிழைப்பது, கொல்லன் தெருவில் ஊசி விற்கிற கதை. பஸ் ஸ்டாண்டுக்குள் நுழைந்தாலே சரக்கு இலவசம். "அண்ணே, இது திண்டுக்கல் போகுமா?" என்று ஒருவர் கேட்கிறார். "அது பாட்டுக்குப் போயிரும். நீங்க ஏறுனா உங்களையும் கூட்டிட்டுப் போகும்" என்கிறார் கண்டக்டர், சிரிக்காமல். இதை அவருக்கு யாரும் எழுதிக் கொடுக்கவில்லை. இதற்கென்று தனிப்படியும் கிடையாது.

எனக்குப் பெண் பார்க்கப் போன இடத்தில், "பையன் நாடகத்துக்கும் டிவிக்கும் காமெடி எழுதுறான்" என்றார் பெரியப்பா. பெண்ணின் தாய்மாமன் வெகுநேரம் யோசித்தார். "சரி, அதை எதுக்குத் தம்பி எழுதணும்? நடிக்கிறவங்களே பேசிற மாட்டாங்களா?" பெரியப்பா பதில் சொல்லாமல் மிக்சர் தட்டை அவர் பக்கம் நகர்த்தினார்.

மனுஷன் கேட்டது நியாயம். மதுரைப் பக்கத்து ஸ்பெஷல் நாடகத்தில் அப்படித்தானே நடக்கிறது? சங்கரதாஸ் சுவாமிகள் 'வள்ளி திருமணம்' எழுதினார். முருகனுக்கும் வள்ளிக்கும் பாட்டு உண்டு, தர்க்கம் உண்டு. ராத்திரி பத்து மணிக்கு முதலில் மேடையேறும் பபூனுக்கு? அவர் வாய்தான் அவருக்கு ஏடு. ராஜபார்ட் ஒரு ஊர், ஸ்திரீபார்ட் ஒரு ஊர், பபூன் இன்னொரு ஊர். ஒத்திகை கிடையாது; அன்றைக்கு மேடையில்தான் சந்திப்பார்கள். அந்த ஊர்த் தலைவர் பெயரையும் தண்ணீர்ப் பஞ்சத்தையும் அரைமணி நேரத்தில் விசாரித்துக்கொண்டு, பபூன் விடியவிடிய சிரிப்பு மூட்டுவார். நடுவில் எழுத்தாளன் எங்கே நுழைவது?

நுழைந்துகாட்டியவர் மெட்ராஸ்காரர். கிண்டியில் மெக்கானிக்கல் இன்ஜினியரிங் படித்தவர், சுந்தரம் கிளேட்டனில் வேலை பார்த்தவர். 1976இல் எஸ்.வி.சேகர் குழுவுக்கு 'கிரேசி தீவ்ஸ் இன் பாலவாக்கம்' எழுதினார். நாடகத்தின் மேல் எழுதியவர் பெயரைப் போடுவதுதான் வழக்கம். இங்கே நாடகத்தின் பெயர் எழுதியவர் மேல் ஏறி உட்கார்ந்துகொண்டது. மோகன், கிரேசி மோகன் ஆனார். 1979இல் சொந்தக் குழு. கதாநாயகன் பெரும்பாலும் மாது, அது தம்பி பாலாஜி. கதாநாயகி எப்போதும் ஜானகி. பள்ளிக்கூடத்தில் மேடையேற்றிவிட்ட டீச்சரின் பெயர். 'மேரேஜ் மேட் இன் சலூன்' நாடகத்தை 1983இல் கே.பாலசந்தர் 'பொய்க்கால் குதிரை' என்று படமாக்கினார். அப்புறம் கமல்ஹாசனோடு சேர்ந்தது ஊரறிந்த சங்கதி.

ஊரறிந்ததா? 'அபூர்வ சகோதரர்கள்' (1989) படத்தில் இன்ஸ்பெக்டர் ஜனகராஜை ஆர்.எஸ்.சிவாஜி வாய் ஓயாமல் புகழ்வாரே, அந்த வரியை எங்கள் தெரு டீக்கடையில் இன்றைக்கும் சொல்கிறார்கள். எழுதியது யாரென்று கேட்டுப் பாருங்கள். "ஜனகராஜ்தான்" என்பார் மாஸ்டர். "சொன்னது சிவாஜியப்பா" என்று ஒருவர் திருத்துவார். "எந்த சிவாஜி?" என்று இன்னொருவர் கிளப்புவார். மோகன் பெயர் வருவதற்குள் டீ ஆறிவிடும்.

அவர் சினிமாவைவிட நாடகத்தில்தான் பெரியவர் என்பது என் கட்சி. ஒரே நாடகத்தை நூற்றுக்கணக்கான தடவை போடும்போது, எந்த இடத்தில் சிரிப்பு விழுகிறது, எந்த இடத்தில் முந்தின சிரிப்பு அடுத்த வசனத்தை முழுங்குகிறது என்று சபாவே சொல்லிக்கொடுத்துவிடும். டிவியில் அந்த வாத்தியார் இல்லை. நான் எழுதிய ஒரு தொடருக்கு, "சிரிப்பு வராட்டியும் பரவால்ல சார், நாங்க சவுண்டு போட்டுக்கிறோம்" என்றார் தயாரிப்பாளர். போட்டார்கள். மாமனார் செத்துப்போன காட்சியிலும் கைமறதியாகப் போட்டார்கள். தொடரில் ஜனங்கள் நிஜமாகச் சிரித்தது அங்கேதான்.

போன பங்குனிப் பொங்கலுக்கு, தெரிந்த பபூன் அண்ணன் ஒருவருக்கு ஆசை ஆசையாக நாலு பக்கம் எழுதிக் கொடுத்தேன். மறுநாள் போன் பண்ணி, "என்னண்ணே, பேசுனீங்களா?" என்றேன்.

"பேசாம இருப்பனா? நல்ல சரக்கு தம்பி, வீணாக்கலாமா? மூணு மணிக்கு மேல கூட்டம் அசந்து தூங்குமுல்ல, அப்பத்தான் எடுத்துவிட்டேன். ஒருத்தர்கூட முழிக்கலையே!"