சாவி சார்

ஐ.டி. கம்பெனியில் சம்பளம் போடுகிறவருக்கு அடுத்தபடியாக எல்லோரும் குழைந்து பேசும் ஆள் ஒருவர் உண்டு. அடையாள அட்டையில் ‘கிளவுட் செக்யூரிட்டி’ என்று தொடங்கி ஒரு முழ நீளத்துக்குப் பதவி இருக்கும். பழைய மகாபலிபுரம் சாலையில் எந்தக் கண்ணாடிக் கட்டடத்துக்குள் நுழைந்தாலும் இப்படி ஒருவர் சிக்குவார். பெற்றோர் வைத்த பெயர் எதுவானாலும் அலுவலகத்தில் அவர் சாவி சார்.

அமேசான் கிளவுடில் கேஎம்எஸ் என்று ஒரு சேவை இருக்கிறது. 2014-இல் வந்தது. சொந்தமாக ஒரு சாவி உருவாக்கினால் மாதம் 1 டாலர் வாடகை. கம்பெனியின் ஃபைல், டேட்டாபேஸ், டிஸ்க் எல்லாம் அதன் தயவில் பூட்டிக் கிடக்கும். வேடிக்கை என்னவென்றால், அந்தச் சாவியைச் சாவி சாரே பார்த்ததில்லை. அது அமேசானின் கருவிக்குள்ளேயே பிறந்து அங்கேயே குடியிருக்கும், வெளியே வராது. ‘இதைக் கொஞ்சம் திறந்து கொடு’ என்று அதனிடம் கேட்கும் உரிமையைத்தான் இவர் வழங்குகிறார். அதற்கே இத்தனை மிடுக்கு.

இவரிடம் வந்து நிற்பவன் பெரும்பாலும் புதிதாகச் சேர்ந்த பையன். ஃபைலைப் படிக்க எல்லா அனுமதியும் வாங்கியாயிற்று. ஃபைல் கண்ணெதிரே இருக்கிறது. திறந்தால் ‘ஆக்சஸ் டினைடு’. தன் கோடில்தான் கோளாறு என்று நம்பி இரண்டு ராத்திரி கண்விழித்திருப்பான். கடைசியில் டீக்கடையில் யாரோ ஒரு சீனியர், “டேய், கேஎம்எஸ் பெர்மிஷன் வாங்கினியா?” என்று கேட்டதும்தான், ஃபைலுக்கு அனுமதி வேறு, பூட்டுக்கு அனுமதி வேறு என்பதே அவனுக்கு விளங்கும்.

“சார், ஒரு டீகிரிப்ட் பெர்மிஷன் வேணும்.”

“எந்தக் கீ? எந்த ரோல்?”

“அதெல்லாம் சரியாத் தெரியல சார். எல்லாத்துக்கும் சேர்த்து ஸ்டார் போட்டுக் குடுத்துட்டீங்கன்னா…”

ஸ்டார் என்ற சொல் காதில் விழுந்ததும் சாவி சார் கையிலிருந்த காபியைக் கீழே வைத்துவிடுவார். முகத்தில் கோபம் இருக்காது. வருத்தம்தான் இருக்கும். பையனைப் பெற்றவர்களை நினைத்து வருந்துகிற மாதிரி ஒரு வருத்தம். “தம்பி, ஒரு டிக்கெட் போடுங்க. பிசினஸ் ஜஸ்டிஃபிகேஷன் எழுதுங்க. உங்க மேனேஜர் அப்ரூவ் பண்ணட்டும்” என்பார். முடியாது என்று அவர் இதுவரை யாரிடமும் சொன்னதில்லை. பையன் ஜஸ்டிஃபிகேஷன் என்ற கட்டத்தில் ‘வேலைக்கு வேண்டும்’ என்று எழுதுவான். டிக்கெட் திரும்பி வரும்.

உண்மையைச் சொன்னால், பாதி நியாயம் அவர் பக்கம்தான். ஸ்டார் போட்டால் கண்ட சாவியும் கண்டவனுக்குத் திறக்கும். அதோடு, ஒவ்வொரு சாவிக்கும் தனியாக ஒரு பாலிசி உண்டு. அது இடம் கொடுக்காவிட்டால் வேறெங்கே என்ன எழுதி வைத்தும் பயனில்லை. “ரூட் யூசரே வந்தாலும் கீ பாலிசி ஒத்துக்கணும்” என்று சொல்லும்போது அவர் குரலில் ஒரு தழுதழுப்பு வரும். இன்னொரு அக்கவுன்ட்டிலிருந்து யாராவது கேட்டால் வங்கி லாக்கர் கதைதான். இந்தப் பக்கம் கீ பாலிசியும் சம்மதிக்க வேண்டும், அந்தப் பக்கத்து அட்மினும் தன் ஆளுக்கு அனுமதி எழுத வேண்டும். இரண்டு அட்மின்களும் ‘உங்க பக்கம்தான் பாக்கி’ என்று மாறி மாறி மெயில் போட்டுக்கொண்டிருக்கும்போது புராஜெக்ட் மேனேஜருக்குத் தலைமுடி கொட்டும்.

சாவி சாருக்கு மிகவும் பிடித்த கேள்வி ஒன்று உண்டு. “சார், நான் ஃபைலை உள்ளே போடத்தானே போறேன்? திறக்கவே போறதில்லையே, எதுக்கு டீகிரிப்ட்?” இதைக் கேட்க ஆள் வராதா என்று அவர் வாரக்கணக்கில் காத்திருப்பார். வந்ததும் பேனாவைத் தேடி எடுத்துப் படம் போடுவார். பெரிய ஃபைல் துண்டு துண்டாகத்தான் ஏறும். கடைசியில் ஒன்று சேர்க்கும்போது ஏற்கெனவே பூட்டிய துண்டுகளைத் திறந்து பார்க்க வேண்டும். ஆகவே போடுகிறவனுக்கும் திறக்கும் உரிமை வேண்டும். விளக்கம் முடியும்போது அன்றைக்கு அனுமதியும் கிடைத்துவிடும். விவரம் தெரிந்தவர்கள் இந்தக் கேள்வியைத் தெரியாதது போலக் கேட்டே காரியம் சாதிக்கிறார்கள்.

அவருக்கும் ராத்திரி உண்டு. பூட்டிய டிஸ்க்குள்ள சர்வரை யாரோ இரண்டு மணிக்கு எழுப்புவார்கள். அது எழுந்திருப்பது போலப் பாவனை செய்துவிட்டுப் பழையபடி படுத்துவிடும். காரணம் கேட்டால் ‘இன்டர்னல் எரர்’ என்று மொட்டையாக ஒரு வரி. டிஸ்க்கைத் திறக்க கிரான்ட் வழங்கும் உரிமை அந்த ரோலுக்கு இல்லை என்பதைப் போர்வைக்குள்ளிருந்தே சாவி சார் சொல்லிவிடுவார். “அப்போ குடுத்துடுங்க சார்.” “டிக்கெட் போட்டீங்களா?”

இத்தனை கண்டிப்பானவர் கொடுத்ததைத் திரும்ப வாங்கி நான் பார்த்ததில்லை. மூடிப்போன புராஜெக்ட், கைமாறிப் போன கிளையன்ட், மூன்று மாதப் பயிற்சிக்கு வந்துவிட்டுப் போன மாணவர்களின் ரோல் எல்லாம் அவர் பட்டியலில் இன்னும் திறக்கும் உரிமையோடு வாழ்கின்றன. ‘டெம்ப்-டெஸ்ட்-2’ என்று ஒன்று. அதை உருவாக்கியவர் கல்யாணமாகி, கனடாவுக்குப் போய், அங்கே வீடும் வாங்கிவிட்டார்.

வருஷத்துக்கு ஒருமுறை ஆடிட்டர் வருவார். பட்டியலைப் பார்த்துக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டு, “இதெல்லாம் எடுத்துடலாமே சார்?” என்பார்.

“எடுத்து, எங்கேயாவது ஏதாவது நின்னு போச்சுன்னா? சாவியையே அழிக்கறதா இருந்தாலும் 7 நாளாவது காத்திருன்னு அமேசான்காரனே வெச்சிருக்கான். 30 நாள் வரைக்கும் போகலாம். அவனே அவ்வளவு யோசிக்கறான், நாம அவசரப்படலாமா?”

“அப்போ என்னதான் பண்றது?”

“ஒண்ணும் கஷ்டமில்ல சார். நீங்க ஒரு டிக்கெட் போடுங்க.”