நன்றி மறவாத ஒரு பாக்கிதாரனின் கடிதம்

மாண்புமிகு குடும்ப நல நீதிமன்றத்தின் சமூகத்துக்கு,

எதிர்மனுதாரன் பணிவுடன் எழுதிக்கொள்வது. மனைவிக்கும் மகனுக்கும் மாதாமாதம் ஜீவனாம்சம் கொடுக்கும்படி தாங்கள் போட்ட உத்தரவைப் படித்தேன். பக்கத்துக்குப் பக்கம் என்னை வறுத்தெடுத்திருந்தீர்கள். அன்று இரவு தூக்கமே வரவில்லை. தீர்ப்பு வேறு, வசூல் வேறு, வசூலுக்கு அவள் தனியாக மனுப் போட வேண்டும் என்று வக்கீல் விளக்கிய பிறகுதான் கண் அசந்தேன்.

போட்டாள். சம்மன் வந்தது, கதவு பூட்டியிருக்கிறது என்று எழுதித் திரும்பிப் போனது. எழுதிய அமீனாவை இங்கே புகழப்போவதில்லை, கண் பட்டுவிடும். பிறகு பிடிவாரண்ட். அது தூங்குகிற ஸ்டேஷனுக்கு எதிர்க் கடையில்தான் நான் தினமும் டீ குடிக்கிறேன், பல நாள் ஏட்டையாவோடு. ஆளைத் தேடி வருகிறோம், அவகாசம் வேண்டும் என்று அவர்கள் எழுத, தாங்களும் வாய்தா தருகிறீர்கள். நீதிபதி மாற்றலானால் ஒன்று, வக்கீல்கள் புறக்கணித்தால் ஒன்று, கேஸ் கட்டு கிடைக்காவிட்டால் இரண்டு.

சட்டம் எழுதியவர்களையும் மறக்கக் கூடாது. பாக்கி விழுந்த நாளிலிருந்து ஒரு வருஷத்துக்குள் கேட்டால்தான் வாரண்ட். கேட்கிறவளுக்குக் கெடு! பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 125-வது பிரிவில் இருந்த இந்த அழகை, 2024-ல் புதுச் சட்டம் வந்தபோது 144-வது பிரிவுக்குப் பத்திரமாகக் குடிமாற்றினார்கள். ஜெயிலுக்குப் போய் வந்தாலும் கடன் தீராது என்று உச்ச நீதிமன்றம் 1988-லேயே சொல்லிவிட்டது. தீராத கடனுக்கு எதற்கு ஜெயில் என்று நான் போகவில்லை.

ஜீவனாம்சம் என்றால் சம்பளத்தில் மூன்றில் இரண்டு பங்கு வரை பிடிக்கலாமாம். வேலையை விட்டுவிட்டேன், காகிதத்தில். 2020-ல் ரஜ்னேஷ் – நேஹா வழக்கில், இரு தரப்பும் சொத்து விவரத்தைப் பிரமாணப் பத்திரமாகத் தர வேண்டும் என்றார்கள். தந்தேன். வீடு அம்மா பேரில், கார் மச்சான் பேரில். என் பேரில் இருப்பது இந்த வழக்கு ஒன்றுதான்.

2024 கடைசியில் கோவையில் ஒருவர் ஜீவனாம்சத்தில் 80,000 ரூபாயைச் சில்லறைக் காசாக மூட்டை கட்டிக் கோர்ட்டுக்கே கொண்டுபோனார். நோட்டாகக் கொண்டுவரச் சொன்னார்கள். விவரம் போதாத மனிதர். மூட்டை கட்டிய நேரத்தில் ஒரு ஆட்சேபனை மனுப் போட்டிருந்தால் கொண்டுபோகவே வேண்டியிருக்காது.

நிறைவேற்று மனுக்களை ஆறு மாதத்தில் முடியுங்கள் என்று உச்ச நீதிமன்றம் 2021-ல் சொன்னபோது கொஞ்சம் பயந்தது உண்மை. 2025-ல் எண்ணிப் பார்த்தார்கள். சிவில் கோர்ட்டுகளில் மட்டும் நாடு முழுக்க 8.8 லட்சத்துக்கு மேல் தேங்கிக் கிடந்தன. அவர்களுக்கு அதிர்ச்சி, எனக்குத் தெம்பு. தீர்ப்பு வாங்கிய பிறகுதான் இந்தியாவில் வழக்காடியின் கஷ்டம் ஆரம்பிக்கிறது என்று லண்டன் பிரிவி கவுன்சில் 1872-லேயே கண்டுகொண்டது. வெள்ளைக்காரன் போன பிறகும் மரபு கெடவில்லை.

ஒரே ஒரு விண்ணப்பம். மகனுக்கு வருகிற தையில் 18 முடிகிறது. அவன் பங்கு ஜீவனாம்சம் அத்தோடு நின்றுவிடும் என்கிறார் வக்கீல். அடுத்த வாய்தாவை மாசியில் போடும்படி கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
எதிர்மனுதாரன்